யாரைப் பார்த்துச் சிரித்தார் கலைவாணர்?

(மணியாச்சியில் ஆலைத் தொழிலாளரும் விவசாயத் தொழிலாளரும் சேர்ந்து நடத்திய இரவுக் கூட்டத்தில் நிகழ்த்திய உரை)

ஷிப்டு முடிந்து பஞ்சுத் தூசியைக்கூடத் தட்டாமல் நேரே வந்திருக்கும் ஆலைத் தோழர்களே, காட்டு வேலை முடித்து வந்திருக்கும் விவசாயத் தோழர்களே, பிள்ளைகளை மடியில் போட்டுக்கொண்டு முன்வரிசையில் உட்கார்ந்திருக்கும் தாய்மார்களே!

இந்தக் கூட்டத்துக்கு நோட்டீசு எழுதும்போதே ஒரு வாக்குவாதம் நடந்தது. “கூலி கேட்டு நிற்கிற நேரம், போனஸ் பேச்சு நடக்கிற நேரம். இப்போது போய் ஒரு சினிமாக்காரரைப் பற்றி, அதுவும் ஒரு காமிக் நடிகரைப் பற்றிப் பேச வேண்டுமா?” என்று மூத்த தோழர் ஒருவர் கேட்டார். கேள்வி நியாயமானதுதான். நான் அவரிடம் பதிலுக்கு ஒன்று கேட்டேன். “ஊர்க் கோயில் கொடையில் பபூன் வந்ததும் முதலில் சிரிக்கிற ஆள் யார்? நீங்கள்தானே?” அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அதோ, இப்போதும் சிரிக்கிறார். (சிரிப்பு)

சிரிப்பதில் தப்பில்லை, தோழர்களே. பன்னிரண்டு மணி நேரம் பருத்திக் காட்டில் குனிந்து நிமிர்ந்தவனுக்குச் சிரிப்பு கஞ்சியைப் போல வேண்டியதுதான். ஆனால் கஞ்சியில் கல் கிடக்கிறதா என்று பார்த்துக் குடிக்கிறோம் அல்லவா? அதைப் போல, நம்மைச் சிரிக்க வைக்கிறவன் யாரைப் பார்த்துச் சிரிக்க வைக்கிறான் என்று பார்க்க வேண்டாமா?

நம் பக்கத்து மேடைகளில் பழைய பபூன் யாரைப் பார்த்துச் சிரித்தான்? திக்கித் திக்கிப் பேசுகிறவனைப் பார்த்து. மாறுகண்ணனைப் பார்த்து. செருப்புத் தைக்கிறவனைப் பார்த்து, துணி வெளுக்கிறவனைப் பார்த்து, புருஷனிடம் அடிபடுகிற பெண்ணைப் பார்த்து. கீழே தரையில் உட்கார்ந்து நாம் விழுந்து விழுந்து சிரித்தோம். அந்தச் சிரிப்பு நம் முதுகில் விழுந்த அடி என்று நமக்குத் தெரியவில்லை. முன்னால் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்த பண்ணையாரைப் பார்த்து எந்தப் பபூனும் சிரித்ததில்லை. சிரித்தால் மறுநாள் ஊரில் அவனுக்குச் சோறு கிடையாது.

இந்த வழக்கத்தைத் திருப்பிப் போட்டவர் ஒருவர் நம் தென்சீமையில் இருந்துதான் புறப்பட்டார். அவர்தான் கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன்.

1908-ம் வருஷம் நவம்பர் 29-ந் தேதி நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியில் பிறந்தார். தகப்பனார் பெயர் சுடலைமுத்து, தாயார் இசக்கியம்மாள். பெயரைக் கேட்டாலே எந்தச் சீமை என்று உங்களுக்குப் புரியும். சுடலையும் இசக்கியும் ஊர்க் காவல் நிற்கிற சீமை. அன்று அது திருவாங்கூர் மகாராஜாவின் ராஜ்யம். 1956-ல்தான் அந்தத் தாலுகாக்கள் தமிழ்நாட்டோடு சேர்ந்தன. தோழர் ஜீவா பிறந்த பூதப்பாண்டியும் அந்த நாஞ்சில் நாட்டில்தான் இருக்கிறது. ஜீவா 1907, கிருஷ்ணன் 1908. ஒரு வயசுதான் வித்தியாசம்.

வீட்டில் வறுமை. நாலாம் வகுப்போடு படிப்பு நின்றது. டென்னிஸ் விளையாடுகிற பெரிய மனிதர்களுக்குப் பந்து பொறுக்கிப் போட்டார். நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்றார். தட்டைத் தோளில் வைத்துக்கொண்டு, விற்றது பாதி, வேடிக்கை பார்த்தது பாதி. பள்ளிக்கூடம் கைவிட்ட பிள்ளைக்குக் கொட்டகைதான் பள்ளிக்கூடம் ஆயிற்று.

அந்தக் கொட்டகையின் பூர்வோத்தரத்தைக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். ஏனென்றால் அதன் வேர் நம் கரிசலில் கிடக்கிறது. தமிழ் நாடகத்துக்கே தலைமையாசிரியர் என்று போற்றப்பட்ட சங்கரதாஸ் சுவாமிகள் 1867-ல் பிறந்தது நம் தூத்துக்குடிப் பக்கத்துக் காட்டுநாயக்கன்பட்டியில். அவர் 1918-ல் மதுரையில் சிறுவர்களை வைத்து நாடகக் கம்பெனி அமைத்தார். அதில் சேர்ந்து வளர்ந்த சங்கரன், முத்துசாமி, சண்முகம், பகவதி என்ற டி.கே.எஸ். சகோதரர்கள் 1925-ல் தனிக் கம்பெனி கண்டார்கள். அந்தக் கம்பெனியில்தான் ஒழுகினசேரிப் பையனும் போய்ச் சேர்ந்தான்.

பாய்ஸ் கம்பெனி என்றால் என்ன என்று இன்றைய இளைஞர்களுக்குத் தெரியாது. ஏழை வீட்டுப் பிள்ளைகளைத் தகப்பனார்கள் கொண்டுவந்து ஒப்படைப்பார்கள். இத்தனை வருஷம் என்று ஒப்பந்தம். எல்லோருக்கும் ஒரே கம்பெனி வீடு, ஒரே பந்தி. விடியுமுன் எழுந்து பாடம், பாட்டு, ஆட்டம். இரவு முழுக்க நாடகம். தப்பு வந்தால் அடி. அந்தப் பிள்ளைகள் கலைஞர்களா, கூலிகளா? இரண்டும்தான். தீப்பெட்டி ஆபீஸ் வண்டி விடியக் கருக்கலில் வந்து நம் ஊர்ப் பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு போன காலம் இங்கே உட்கார்ந்திருக்கும் தாய்மார்களுக்கு நினைவிருக்கும். குச்சி அடுக்கிய அந்த விரல்களையும், அரிதாரம் பூசிய அந்த முகங்களையும் நான் பக்கத்தில் பக்கத்தில் வைத்துத்தான் பார்க்கிறேன். ஒன்று மட்டும் வித்தியாசம். கம்பெனி வீட்டில் வயிற்றுக்குச் சோறும், கூடவே ஒரு வித்தையும் கிடைத்தது.

கிருஷ்ணன் கம்பெனிக்குள் போகும்போதே கையில் ஒரு சரக்கு இருந்தது. அதுதான் வில்லுப்பாட்டு. நாகர்கோவில், நெல்லைப் பக்கத்துக் கொடைகளில் விடிய விடிய நடக்கிற வில்லு. வில்லும் குடமும் உடுக்கும் ஜால்ராவும்தான் முதல். புலவர் ஒரு வரி சொல்வார், பின்பாட்டுக்காரர் “ஆமா!” என்பார். சில சமயம் ஆமா போடாமல் குறுக்குக் கேள்வி கேட்பார். அந்தக் குறுக்குக் கேள்வியில்தான் ஊரே சிரிக்கும். கலைவாணரின் காமிக் முழுவதையும் பிரித்துப் பார்த்தால் அடியில் இருப்பது இந்தக் குறுக்குக் கேள்விதான் என்பது என் அபிப்பிராயம். ஒருவன் பெரிய விஷயம் ஒன்றை நம்பிச் சொல்வான். இன்னொருவன் அப்பாவியாக ஒரு கேள்வி கேட்பான். பெரிய விஷயம் காற்றுப் போன பையாகிவிடும்.

அவர் வில்லுப்பாட்டைக் கோயில் வாசலிலிருந்து பட்டணத்து மேடைக்குக் கொண்டுபோனார். காந்தியின் சரித்திரத்தை வில்லில் பாடினார். அதற்காக நெல்லைப் பக்கத்துச் சத்திரம்புதுக்குளத்து இளைஞர் ஒருவரைச் சென்னைக்கு அழைத்துப் போனார். அவர்தான் சுப்பு ஆறுமுகம். 2022-ல் கண்மூடும் வரையில் வில்லுப்பாட்டே வாழ்வாக இருந்தவர். பத்மஸ்ரீ பட்டம் அவருக்கு வந்தபோது எனக்கு ஒழுகினசேரிதான் ஞாபகத்துக்கு வந்தது.

சினிமாவுக்கு வருவோம். 1935-ல் டி.கே.எஸ். சகோதரர்களின் ‘மேனகா’ படமாக வந்தது. அதில் கிருஷ்ணன் நடித்தார். 1936-ல் ‘சதி லீலாவதி’. எம்.ஜி.ஆருக்கு அதுதான் முதல் படம். அமெரிக்கரான எல்லிஸ் ஆர். டங்கன் டைரக்டு செய்தார். அந்தக் காலத்தில் சினிமா என்றால் ராஜா ராணி, புராணம், ஐம்பது அறுபது பாட்டு. காமிக் நடிகனுக்கு அங்கே என்ன மரியாதை? சொன்னதைச் செய், குட்டிக்கரணம் போடு, போ. கிருஷ்ணன் இதற்கு உடன்படவில்லை. தன் பகுதியைத் தானே எழுதினார். தன் ஆட்களைத் தானே சேர்த்தார். புளிமூட்டை ராமசாமி, காகா ராதாகிருஷ்ணன் என்று ஒரு பட்டாளம். பாட்டுக்கு உடுமலை நாராயண கவி. படத்தில் ஒரு கதை ஓடும், கலைவாணர் பகுதியில் தனிக் கதை ஓடும். நம் தொழிற்சங்க பாஷையில் சொன்னால், தன் உழைப்பின் மேல் தன் அதிகாரத்தை விட்டுக்கொடுக்காத தொழிலாளி அவர். கலையில் இது எவ்வளவு கஷ்டம் என்பது முதலாளி எழுதிக் கொடுத்ததைப் பேசியே வயிறு வளர்க்கிற எத்தனையோ நடிகர்களைக் கேட்டால் தெரியும்.

1936-ல் ‘வசந்தசேனா’ படப்பிடிப்புக்குப் பூனா போனார்கள். அங்கேதான் டி.ஏ.மதுரத்தைச் சந்தித்தார். பணம் போட்டவர் பணம் கொண்டுவரப் போன இடத்தில் தாமதமாகிவிட, கூட வந்த நடிகர்கள் சாப்பாட்டுக்குத் தவித்தார்கள் என்றும், மதுரம் அம்மையார் கைப்பணம் கொடுத்து எல்லோருக்கும் உலை ஏற்றினார் என்றும் சொல்வார்கள். கலியாணம் நடந்தது. ஊரில் நாகம்மை என்ற மனைவி ஏற்கெனவே இருந்தார். அந்தச் சங்கதி மதுரத்துக்குப் பிறகுதான் தெரிந்தது. இதை நான் மூடி மறைக்கப் போவதில்லை. பெரிய மனிதர் என்பதற்காகப் பெண்ணுக்குச் செய்த தப்பு தப்பில்லை என்று ஆகிவிடாது.

ஆனால் திரையில் பாருங்கள். மதுரம் அவருக்குச் சரிக்குச் சரி நின்றார். நூற்றுக்கும் மேற்பட்ட படங்களில் ஜோடி. கிருஷ்ணன் பெரிய புத்திசாலி போல ஆரம்பிப்பார், மதுரம் ஒரே கேள்வியில் மடக்குவார். மேடையில் புருஷனிடம் அடி வாங்கிச் சிரிப்பு மூட்டிக்கொண்டிருந்த பெண், இப்போது புருஷனைக் கேள்வி கேட்டுச் சிரிப்பு மூட்டினாள். கொட்டகையில் பெண்கள் பக்கத்திலிருந்து வந்த சிரிப்பு அன்றைக்குப் புதுச் சிரிப்பு. (தாய்மார்கள் பக்கம் கைதட்டல்)

இப்போது முக்கியமான இடத்துக்கு வருகிறேன். கிந்தனார்!

நந்தனார் கதை உங்களுக்குத் தெரியும். பண்ணையடிமையான நந்தன், சிதம்பரம் போக வேண்டும் என்று ஆண்டையிடம் கெஞ்சுகிறான். கோபாலகிருஷ்ண பாரதியார் பாடியது. சினிமாவாகவும் வந்தது. கேட்டு அழாதவன் இல்லை. ஆனால் அழுதுவிட்டு வீட்டுக்குப் போய்ச் சேரிக்காரனைத் தெருவில் விட்டானா? இல்லை. கலைவாணர் பார்த்தார். நந்தனாருக்குப் பக்கத்தில் கிந்தனாரைக் கொண்டுவந்து நிறுத்தினார். கதாகாலட்சேபம் பண்ணுகிற பாகவதர் மாதிரியே உட்கார்ந்து, அதே பாணியில், அதே நீட்டி முழக்கலில் கதை சொன்னார். ஆனால் இந்தச் சேரிப் பையன் கோயிலுக்குப் போக ஆசைப்படவில்லை. பள்ளிக்கூடம் போக ஆசைப்பட்டான். ஊர்ப் பள்ளிக்கூடம் அவனை வாழ வைக்கவில்லை. ரயிலேறிப் பட்டணம் போகிறான், படிக்கிறான், கல்வி அதிகாரியாகத் திரும்பி வருகிறான். நந்தன் நெருப்பில் புகுந்தான், கிந்தன் ரயிலில் ஏறினான். எது உசத்தி என்று அவர் பிரசங்கம் செய்யவில்லை. சிரித்துக்கொண்டே பக்கத்தில் வைத்துக் காட்டினார். 1949-ல் ‘நல்லதம்பி’ படத்திலும் அது வந்தது. அந்தப் படத்துக்குக் கதை வசனம் அண்ணாதுரை.

அந்த ரயில்! வாயாலேயே ரயில் ஓட்டுவார். பின்பாட்டுக்காரர்கள் சேர்ந்து கொள்வார்கள். புறப்படும்போது பெருமூச்சு, வேகம் பிடிக்கும்போது தாளம், பாலத்தில் வேறு சத்தம். நம் மணியாச்சிக்காரர்களுக்கு ரயிலைப் பற்றி யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. ஜங்ஷன் சத்தத்திலேயே பிறந்து வளர்ந்தவர்கள் நாம். ஆனால் ஒன்று யோசித்துப் பாருங்கள். அந்த ரயிலை ஓட்டிய மனிதரின் சொந்த ஊரான நாகர்கோவிலுக்கு அவர் உயிரோடு இருந்த வரையில் ரயிலே கிடையாது! 1979-ல் திருவனந்தபுரத்திலிருந்தும், 1981-ல் திருநெல்வேலியிலிருந்தும்தான் அங்கே தண்டவாளம் போயிற்று. அதுவரையில் நாஞ்சில் நாட்டுக்காரன் பட்டணம் போக வேண்டுமானால் சாலை வழியாகத் திருநெல்வேலி வந்து, அங்கே ரயில் பிடித்து, நம் மணியாச்சி வழியாகத்தான் போக வேண்டும். ரயிலில்லாத ஊர்ப் பையனுக்குத்தான் ரயில் எவ்வளவு பெரிய கனவு என்று தெரியும். அந்தக் கனவைத்தான் கிந்தனுக்குக் கொடுத்தார். நாடகச் சாமான் பெட்டிகளோடு கம்பெனிக்காரர்கள் தூத்துக்குடிக்கும் நெல்லைக்கும் வண்டி மாறிய இந்தப் பிளாட்பாரத்தை நான் பார்க்கும்போதெல்லாம் கிந்தனார் ஞாபகம் வரும். இதே பிளாட்பாரத்தில் 1911 ஜூன் 17-ல் வாஞ்சி சுட்ட குண்டை உலகம் நினைவில் வைத்திருக்கிறது. வைத்திருக்க வேண்டியதுதான். ஏழைப் பிள்ளையை ரயிலேற்றிய சிரிப்பையும் கூடவே வைத்துக்கொள்வோம்.

இப்படிப் புகழின் உச்சியில் இருந்தவரை 1944-ல் இடி விழுந்தாற்போல ஒரு வழக்கு தாக்கியது. ‘இந்துநேசன்’ என்ற பத்திரிகை நடத்தி, சினிமாக்காரர்களின் அந்தரங்கத்தை எழுதி வந்தவர் லட்சுமிகாந்தன். 1944 நவம்பர் 8-ல் சென்னை வேப்பேரியில் ரிக்ஷாவில் போகும்போது அவரைக் கத்தியால் குத்தினார்கள். மறுநாள் ஆஸ்பத்திரியில் இறந்தார். சதி செய்ததாகத் தியாகராஜ பாகவதரையும், கிருஷ்ணனையும், ஸ்டூடியோ முதலாளி ஸ்ரீராமுலு நாயுடுவையும் கைது செய்தார்கள். நாயுடு விடுதலை ஆனார். 1945 மே மாதம் மற்ற இருவருக்கும் ஆயுள் தண்டனை. ஹைக்கோர்ட்டில் அப்பீல் தோற்றது. லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய், வழக்கை மறுபடி விசாரிக்கச் சொல்லி உத்தரவு வந்து, 1947 ஏப்ரலில் இருவரும் குற்றமற்றவர்கள் என்று விடுதலை ஆனார்கள். இரண்டு வருஷத்துக்கு மேல் சிறை. சம்பாத்தியம் எல்லாம் வக்கீல் பீசாகப் போயிற்று.

இதே நாட்களில் உலகத்தின் இன்னொரு மூலையில், ஜெர்மனியில், இன்னொரு நடிகர் சிறையில் கிடந்தார். பெயர் ஏர்ன்ஸ்ட் புஷ். 1900-ல் கீல் என்ற துறைமுகப் பட்டணத்தில் பிறந்தவர். கப்பல் கட்டும் தளத்தில் தொழிலாளியாக இருந்து மேடைக்கும் திரைக்கும் வந்தவர். வேலையில்லாத் தொழிலாளரின் வாழ்க்கையைக் காட்டிய ‘கூலே வாம்பே’ என்ற 1932-ம் வருஷத்துப் படத்தில் நடித்துப் பாடினார். ஹிட்லர் வந்ததும் நாட்டை விட்டு வெளியேறினார். ஸ்பெயின் போர்க்களத்தில் சர்வதேசப் படையினருக்காகப் பாடினார். பிறகு பிடிபட்டு, பிரான்சில் முகாமில் அடைபட்டு, கெஸ்டபோ கையில் சிக்கினார். சிறையின் மேல் விழுந்த விமானக் குண்டில் முகம் சிதைந்தது. நடிகனுக்கு முகம்தானே முதல்? 1945-ல் செஞ்சேனை வந்து கதவைத் திறந்தது. சிதைந்த அந்த முகத்தோடு மறுபடி மேடையேறி, பிரெக்ட்டின் நாடகங்களில் நடித்தார்.

இரண்டும் ஒன்று என்று நான் சொல்லவில்லை. புஷ் அரசியலுக்காகச் சிறை போனவர். நம் ஆள் மேல் விழுந்தது கொலைப் பழி, அதிலிருந்து நீங்கியவர். ஆனாலும் சிறையிலிருந்து வெளியே வந்த ஒரு நடிகனை ஜனங்கள் எப்படி வரவேற்கிறார்கள் என்பதில்தான் அவன் சம்பாதித்தது தெரியும். பாகவதரைப் பாருங்கள். தங்கத் தட்டில் சாப்பிட்டார் என்று பேசப்பட்டவர், கந்தர்வக் குரல். வெளியே வந்தபின் படங்கள் ஓடவில்லை. 1959-ல் மறைந்தார். கிருஷ்ணனோ, வந்ததும் வராததுமாகச் சிரிக்க வைக்கத் தொடங்கிவிட்டார். ஏன்? பாகவதர் பாடிய தெய்வீக உலகம் யுத்தத்தோடு பழசாகிவிட்டது. கிருஷ்ணன் விற்ற சரக்கு ரேஷன், வேலை, கடன், படிப்பு. அது பழசாகவில்லை. என் கணக்கு இது. பாகவதரின் ரசிகர்கள் இங்கே இருந்தால் கூட்டம் முடிந்ததும் என்னோடு சண்டைக்கு வரலாம். (சிரிப்பு)

அவர் சிறையில் இருந்த காலத்தில் மதுரம் அம்மையார் மூலையில் உட்கார்ந்து அழவில்லை. எஸ்.வி.சகஸ்ரநாமத்தோடு சேர்ந்து நாடக சபை நடத்தி, கலைஞர்களுக்குச் சோறு போட்டார். ‘பைத்தியக்காரன்’ என்ற நாடகம் போட்டார்கள். 1947-ல் அது படமாயிற்று. விடுதலையாகி வந்த கிருஷ்ணனும் அதில் நடித்தார். கம்பெனியைக் காப்பாற்றியது ஒரு பெண்.

இப்போது ஆலைத் தோழர்களுக்கு. 1955-ல் ‘முதல் தேதி’ என்று ஒரு படம் வந்தது. சிவாஜி கணேசன் நடித்தது. அதில் கலைவாணர் ஒரு பாட்டுப் பாடுவார். சம்பளம் வாங்கின மாதத்தின் முன்பகுதியில் வீடு எப்படி இருக்கும், பின்பகுதியில் எப்படி இருக்கும் என்பதுதான் விஷயம். என் தகப்பனார் கோவில்பட்டிப் பக்கம் ஒரு ஆலையில் வேலை பார்த்தவர். எந்த ஆலை என்பது வேண்டாம். சம்பள நாளில் கேட் வாசலில் ஈட்டிக்காரன் ஒரு பக்கம், ஜவுளிக் கடன்காரன் ஒரு பக்கம், மளிகைக்காரன் ஒரு பக்கம் நிற்பார்களாம். உள்ளே வரிசையில் நிற்கிற தொழிலாளி ஒருவர் கலைவாணர் மாதிரியே கண்ணை உருட்டி, அந்தப் பாட்டைப் பாடி ஆடிக் காட்டுவாராம். வரிசை முழுக்கச் சிரிப்பு. சம்பளம் கொடுக்கிற குமாஸ்தாவுக்கும் சிரிப்பு. அவருக்கும் இருபத்தைந்தாம் தேதி வருமல்லவா? மேஸ்திரிக்கு மட்டும் கோபம். பாடினவரை ஒரு நாள் வேலைக்கு வெளியே நிறுத்திவிட்டார்கள். மறுமாதம் பார்த்தால் வரிசையில் நாலு பேர் பாடினார்களாம். நாலு பேரையும் நிறுத்த முடியுமா? என் தகப்பனார் இதைச் சொல்லும்போதெல்லாம், “சங்கத்துக்குச் சந்தா கொடுக்கிறதுக்கு முன்னாடியே நாங்க ஒண்ணாச் சேர்ந்தது அந்தப் பாட்டுக்குத்தான்டா” என்பார்.

தோழர் கேட்ட கேள்விக்குப் பதில் கிடைத்துவிட்டது என்று நினைக்கிறேன். இதற்கு முன் சினிமாவில் கடன்காரனுக்குப் பயந்து ஓடுகிறவனைப் பார்த்துச் சிரித்தோம். இந்தப் பாட்டில் சிரிப்பு, முப்பது நாள் உழைத்தும் இருபது நாளுக்குமேல் தாங்காத சம்பளத்தைப் பார்த்து.

1951-ல் கலைவாணர் சினிமாக் கலைஞர் குழுவோடு சோவியத் யூனியன் போய் வந்தார். அந்த நாடு 1991-ல் கலைந்துவிட்டது. அதன் நன்மை தீமைகளை வேறொரு நாள் பேசலாம். ஆனால் ஒழுகினசேரிக் கொட்டகையில் தட்டு ஏந்தியவருக்கு அங்கே கண்ணில் பட்டிருக்கும் விஷயம் என்னவென்று எனக்குத் தெரியும். அங்கே நாடகக்காரனுக்கு மாதச் சம்பளம், வயசான பின் பென்ஷன். இங்கே? ஆலைத் தொழிலாளிக்குப் பிராவிடண்டு பண்டுச் சட்டம் 1952-ல் வந்தது. சினிமாத் தொழிலாளிகளுக்கென்று தனிச் சட்டம் வர 1981 ஆயிற்று. நடுவில் எத்தனை பேர் செத்துப் போனார்கள்!

கலைவாணர் அள்ளி அள்ளிக் கொடுத்தார். கேட்டவனுக்கும் கொடுத்தார், கேட்காதவனுக்கும் கொடுத்தார். நாகர்கோவிலில் காந்திக்கு நினைவுத் தூண் எழுப்பினார். கலியாணம் என்று பொய் சொல்லிப் பணம் கேட்டு வந்தவனுக்கும், பொய் என்று தெரிந்தே கொடுத்தார் என்று கதை கதையாகச் சொல்வார்கள். கேட்கும்போது நெஞ்சு குளிரும். எனக்கோ கூடவே ஒரு வருத்தமும் வரும். அவரிடம் கைநீட்டியவர்களில் பெரும்பாலோர் யார்? வேஷம் கிடைக்காத நடிகர்கள், நாடகம் நொடித்துப்போன கம்பெனிக்காரர்கள், அரிதாரம் கலைந்த கிழவர்கள். ஒரு மனிதரின் சட்டைப்பை எத்தனை பேருக்குப் பிராவிடண்டு பண்டாக இருக்க முடியும்? அந்தப் பை தீர்ந்தது. கடைசிக் காலத்தில் அவரே கடனில் இருந்தார். அவர் நல்லவர் என்பதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் நல்லவர் ஒருவரை நம்பி ஒரு தொழிலே பிழைக்க வேண்டியிருந்தது என்பது அந்தத் தொழிலுக்குப் பெருமை அல்ல.

1957 பொதுத் தேர்தல். காஞ்சிபுரத்தில் அண்ணாதுரைக்குப் பிரசாரம் செய்யப் போனார். எதிர்த்து நின்றவர் ஊரில் பேர் வாங்கிய டாக்டர். கலைவாணர் மேடையேறி அந்த டாக்டரையே புகழ்ந்தாராம். கைராசிக்காரர், ஏழைகளிடம் காசு வாங்காதவர் என்று. கூட்டத்துக்குத் திகைப்பு. கடைசியில், இப்படிப்பட்ட டாக்டரைச் சட்டசபைக்கு அனுப்பிவிட்டால் உங்களுக்கு வைத்தியம் யார் பார்ப்பார்கள், அவரை இங்கேயே வைத்துக்கொண்டு அண்ணாதுரையை அனுப்புங்கள் என்று முடித்தாராம். அந்தக் கட்சிக்கும் நமக்கும் எத்தனையோ வழக்கு உண்டு. ஆனால் எதிராளியை ஒரு கடுஞ்சொல் சொல்லாமல் தோற்கடிக்கிற இந்த வித்தையை நம் மேடைப் பேச்சாளர்கள் படிக்க வேண்டும். என்னையும் சேர்த்துத்தான் சொல்கிறேன். மறுபடி அதே வில்லுப்பாட்டுக் குறுக்குக் கேள்விதான், கவனித்தீர்களா?

அந்தத் தேர்தல் முடிந்து சில மாதங்களில், 1957 ஆகஸ்டு 30-ல், சென்னை ஜெனரல் ஆஸ்பத்திரியில் கலைவாணர் காலமானார். வயது ஐம்பதுகூட ஆகவில்லை. மதுரம் அம்மையார் 1974 வரை இருந்தார். தியாகராய நகரில் கலைவாணருக்குச் சிலை வைத்தார்கள். 1969 ஜனவரி 14-ந் தேதி, புற்றுநோயோடு போராடிக்கொண்டிருந்த முதலமைச்சர் அண்ணாதுரை வந்து அதைத் திறந்தார். அடுத்த மாதம் மூன்றாம் தேதி அவரும் போய்விட்டார்.

நேரமாகிவிட்டது. அதோ பின்னால் வில்லைக் கட்டிக் குடத்தைத் தட்டிப் பார்க்கிறார்கள். இன்றைக்குப் பாடப் போகிற புலவருக்கு எழுபது வயசு. நம் ஊர்க் கொடைகளில் ஐம்பது வருஷமாகப் பாடுகிறவர். நாட்டுப்புறக் கலைஞர் நல வாரியத்தில் பதிவதற்கு அவருக்கு விண்ணப்பம் எழுதிக் கொடுக்க வேண்டும். எழுதப் படிக்கத் தெரிந்த இளைஞர்கள் இரண்டு பேர் கூட்டம் முடிந்ததும் என்னை வந்து பாருங்கள். அவர் பாடும்போது ஆமா போட எல்லோருக்கும் தெரியும்தானே? குறுக்குக் கேள்வி தோன்றினால் அதையும் கேளுங்கள்.